படிக்கட்டுக்குக் கீழே ஏழு பெட்டிகள்: எங்கள் சங்க நிர்வாகக் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய தலைவர், செயலாளர், நிர்வாகக் குழு உறுப்பினர்களுக்கு,

சென்ற ஞாயிறு காலை வழக்கம்போல் நம் சங்கத்தின் புத்தக அறைக்கு வந்தேன். மாடி ஏறுவதற்கு முன்பே, படிக்கட்டுக்குக் கீழே ஏழு அட்டைப்பெட்டிகள் கண்ணில் பட்டன. "வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளலாம். மீதி மாதக் கடைசியில் அகற்றப்படும்" என்று ஒரு தாள் ஒட்டியிருந்தது. முதல் பெட்டியைத் திறந்தேன். உ.வே.சாமிநாதையரின் 'என் சரித்திரம்' முதுகு மடிந்து கவிழ்ந்து கிடந்தது. அதன்மேல் ஒரு பழைய மின்விசிறியின் இறக்கை.

மேலே போனால் இடதுபக்கச் சுவர் வெறுமையாக இருக்கிறது. எழுத்தாளர்களின் வாழ்க்கை வரலாறு, தன்வரலாறு, கடிதங்கள், நினைவுக் குறிப்புகள், பயணக் கட்டுரைகள் எல்லாம் இருந்த சுவர் அது. நாவல்கள் அப்படியே இருக்கின்றன. சமையல், சோதிடம், தன்முன்னேற்றம் எல்லாம் அதனதன் இடத்தில் இருக்கின்றன. இந்த ஒரு சுவர் மட்டும் காலி.

அன்றைக்கே செயலாளரிடம் கேட்டேன். பொறுமையாகத்தான் பதில் சொன்னார். பிள்ளைகளின் துணைப்பாட வகுப்புக்கு அறை வேண்டும், இடம் போதவில்லை, ஓராண்டாக யாரும் இரவல் எடுக்காத புத்தகங்களைத்தான் எடுக்கிறோம் என்றார். பக்கத்தில் இருந்த குழு உறுப்பினர் ஒருவர் கேட்ட கேள்விதான் என்னை எழுத வைத்தது. "அவங்க எழுதுன கதை, கவிதையெல்லாம் மேலேயே இருக்கே, அதைப் படிச்சா போதாதா? அவங்க எங்கே போனாங்க, யாரோட பேசினாங்க, எப்படிக் கஷ்டப்பட்டாங்கன்னு எதுக்குப் படிக்கணும்?"

அந்த இடத்தில் எனக்குப் பதில் வரவில்லை. ஒரு வாரமாக அதையே நினைத்துக்கொண்டிருக்கிறேன். இப்போது சொல்கிறேன்.

நான் 1997இல் கப்பல் பட்டறையில் வெல்டராகச் சிங்கப்பூருக்கு வந்தவன். சொந்த ஊர் குத்தாலம் பக்கம், கும்பகோணத்துக்கும் மாயவரத்துக்கும் நடுவில். பத்தாம் வகுப்பு, அப்புறம் ஐடிஐ. பாடப்புத்தகத்தைத் தாண்டி ஒரு தமிழ்ப் புத்தகம் படித்ததில்லை. மாதத்தில் இரண்டு ஞாயிறு விடுமுறை கிடைக்கும். நம்மவர்கள் கூடும் தேக்கா வட்டாரத்துக்கு வந்து, ஊருக்குப் பணம் அனுப்பி, ஃபோன் கார்டு வாங்கி வீட்டுக்குப் பேசி முடித்தால், மிச்சப் பொழுது முழுக்கச் சாலையோரம்தான்.

ஒரு ஞாயிறு நல்ல மழை. ஒதுங்கிய இடம் நம் சங்கத்து வாசல். அப்போது புத்தக அறையைப் பார்த்துக்கொண்ட ஐயா, ஓய்வுபெற்ற தமிழாசிரியர், என்னை உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்தார். எந்த ஊர் என்று கேட்டார். சொன்னேன். "குத்தாலமா? திருவாவடுதுறை பக்கந்தானே? மடத்துக்குள்ள போயிருக்கியா?" பஸ்ஸில் போகும்போது பெயர்ப்பலகை பார்த்திருக்கிறேன் என்றேன். அவர் எழுந்து போய் அந்த இடதுபக்கச் சுவரிலிருந்து ஒரு தடிப் புத்தகத்தை எடுத்து வந்து என் கையில் கொடுத்தார். "கதைப் புத்தகம் அப்புறம் படிக்கலாம் தம்பி. இது உங்க ஊர்க் கதை."

இப்போது பெட்டியில் கிடக்கும் அதே புத்தகம்தான்.

விடுதியில் இரட்டைக் கட்டிலின் மேல்தட்டு எனக்கு. விளக்கை அணைத்த பிறகு நடைவழி வெளிச்சத்தில் படித்தேன். முடிக்க மூன்று மாதம் ஆனது. மாயவரத்தில் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பாடம் கேட்க ஒரு பையன் தன் அப்பாவோடு போகிறான். வேங்கடராமன் என்ற பெயரை மாற்றி, சாமிநாதன் என்று ஆசிரியர் கூப்பிடத் தொடங்குகிறார். மாயவரம் நான் சினிமா பார்க்கப் போன ஊர். திருவாவடுதுறை நான் இருபது வருடம் பஸ்ஸில் தாண்டிப் போன ஊர். என் ஊரை நான் சிங்கப்பூரில்தான் தெரிந்துகொண்டேன்.

அதில் ஓர் இடத்தை மட்டும் சொல்கிறேன். 1880இல் கும்பகோணம் கல்லூரியில் தமிழாசிரியராக இருக்கும்போது, சேலம் இராமசாமி முதலியார் என்பவரைப் பார்க்கப் போகிறார் உ.வே.சா. என்ன படித்திருக்கிறீர்கள் என்று முதலியார் கேட்கிறார். இவர் அந்தாதி, கலம்பகம், பிள்ளைத்தமிழ், கோவை என்று அடுக்கிக்கொண்டே போகிறார். முதலியார் அசையவில்லை. இதெல்லாம் படித்து என்ன பயன் என்கிறார். சீவகசிந்தாமணி படித்ததுண்டா என்று கேட்கிறார். இல்லை. ஏழு ஆண்டு கழித்து, 1887இல், அதே சிந்தாமணியை உ.வே.சா.வே அச்சில் கொண்டுவருகிறார்.

ஐயா அன்றைக்கு என் கையில் சிந்தாமணிப் பதிப்பைக் கொடுத்திருந்தால், ஒரு வரி ஏறியிருக்காது. மூடி வைத்துவிட்டு மழை விட்டதும் போயிருப்பேன். அவ்வளவு பெரிய படிப்பாளிக்கும் இருபத்தைந்து வயதில் ஒருவர் எதிரில் தெரியாது என்று சொல்லும்படி நேர்ந்திருக்கிறது, அதற்குப் பிறகுதான் அவர் தொடங்கியிருக்கிறார். அதைப் படித்ததும்தான் நாளெல்லாம் இரும்பு ஒட்டுகிற எனக்கும், நானும் இனிமேல் ஆரம்பிக்கலாம் என்று தோன்றியது. அப்போது எனக்கு இருபத்து நான்கு வயது.

குழு உறுப்பினர் கேட்ட கேள்விக்கு என் முதல் பதில் இதுதான். வீட்டில் புத்தகம் இருந்து வளர்ந்தவர்களுக்கு நேராகக் கவிதைக்குள் போக வழி தெரிந்திருக்கும். என்னைப் போல் வருகிறவர்களுக்கு ஒரு மனிதரின் வாழ்க்கைதான் வாசல். நீங்கள் காலிசெய்தது அந்த வாசலை.

என் சரித்திரத்துக்கு அப்புறம் ஐயா கொடுத்தது புதுமைப்பித்தன் தன் மனைவி கமலாவுக்கு எழுதிய கடிதங்கள். அதைப் படித்த ராத்திரிகளை நான் மறக்க மாட்டேன். வேலைக்காக ஓர் ஊரில் இவர், வேறு ஊரில் மனைவி. பணம் வரும் என்று எதிர்பார்த்த இடத்தில் வரவில்லை, எப்படியாவது அனுப்பிவிடுகிறேன், உடம்பைப் பார்த்துக்கொள். எங்கள் அறையில் இருந்த எட்டுப் பேரில் ஏழு பேர் கல்யாணமானவர்கள். நாங்கள் வீட்டுக்கு எழுதியதும் ஃபோனில் சொன்னதும் இதேதான். நான் ஒரு கடிதத்தைச் சத்தமாகப் படித்தபோது, கீழ்க் கட்டிலில் இருந்த அறந்தாங்கிக்காரர் எழுந்து உட்கார்ந்து, "யாருப்பா இது, எந்தக் கம்பெனியில வேலை பாக்குறாரு?" என்று கேட்டார். எழுத்தாளர், 1948இலேயே காசநோயில் இறந்துவிட்டார், வயது 42 என்று சொன்னேன். கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. அடுத்த வாரம் அவரே சங்கத்துக்கு வந்து புதுமைப்பித்தன் கதைகளை எடுத்துக்கொண்டு போனார். நீங்கள் அலமாரியில் விட்டுவைத்திருக்கும் அந்தத் தொகுப்பின் இரவல் சீட்டில் அவர் கையெழுத்து இப்போதும் இருக்கும். கதைகளுக்கு ஆள் வந்த வழி அது.

அப்படியே நான்கைந்து பேர் சேர்ந்தோம். ஞாயிறு சாயங்காலம் ரேஸ்கோர்ஸ் சாலைப் பக்கத்துத் திடலில் உட்கார்ந்து, ஒருவர் படிக்க மற்றவர்கள் கேட்போம். ரசிகமணி டி.கே.சி.யின் வட்டத்தொட்டி என்ற இலக்கியக் கூட்டத்தைப் பற்றிப் படித்தது அந்தப் புல்தரையில்தான். திருநெல்வேலி வண்ணார்பேட்டையில் அவர் வீட்டு முற்றத்தில் நண்பர்கள் கூடி உட்கார்ந்து கம்பனை ரசித்ததும், பின்னாளில் குற்றாலத்தில் அவரைத் தேடி ராஜாஜியும் கல்கியும் போனதும் நினைவுக் குறிப்பாக எழுதப்படாமல் இருந்திருந்தால் நமக்கு எப்படித் தெரியும்? ஒரு பாட்டைப் பத்துத் தடவை வாய்விட்டுச் சொல்லிப் பார்த்து ரசிக்கலாம் என்பதே எனக்கு அங்கிருந்து கிடைத்த பாடம். எங்கள் கூட்டத்துக்கும் வட்டத்தொட்டி என்றே பெயர் வைத்தோம். பாரதி புதுச்சேரியில் 1908 முதல் 1918 வரை இருந்த பத்தாண்டை யதுகிரி அம்மாளும் வ.ரா.வும் செல்லம்மாளும் எழுதி வைக்காவிட்டால், நமக்குப் பாட்டு கிடைத்திருக்கும், அதைப் பாடிய மனிதர் கிடைத்திருக்க மாட்டார்.

பயணக் கட்டுரைகளையும் சேர்த்து மூட்டை கட்டியிருக்கிறீர்கள். மூன்றாவது பெட்டியில் ஏ.கே.செட்டியாரின் புத்தகங்கள் இருக்கின்றன. 1937இல் நியூயார்க்கிலிருந்து அயர்லாந்துக்குக் கப்பலில் போகும்போது, காந்தியைப் பற்றி ஒரு படம் எடுக்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றுகிறது. அப்புறம் நாடு நாடாக அலைந்து, காந்தி நடமாடிய படத்துண்டுகளைத் தேடித் தேடிச் சேர்த்து, 1940இல் படத்தை வெளியிடுகிறார். பத்து வருடம் கப்பலின் அடிவயிற்றில் வேலை பார்த்த எனக்கு, மேல்தளத்தில் ஒரு தமிழர் நின்றுகொண்டு இப்படி ஒன்றை நினைத்தார் என்பதே பெரிய செய்தி. எங்கள் கூட்டத்தில் ஒரு சிவகங்கைத் தம்பி அதைக் கேட்டுவிட்டு, தான் வேலை பார்த்த ஒவ்வொரு கப்பலின் பெயரையும் அது எந்தத் துறைமுகத்திலிருந்து வந்தது என்பதையும் ஒரு நோட்டில் எழுதத் தொடங்கினான். ஊர் திரும்பும்வரை எழுதினான்.

இனி என் மனத்தை மிகவும் அறுக்கிற விஷயத்துக்கு வருகிறேன்.

உ.வே.சா. சுவடி தேடி கரிவலம்வந்தநல்லூருக்குப் போன கதை என் சரித்திரத்தில் வரும். வரகுணராம பாண்டியர் சேர்த்து வைத்த ஏடுகள் அந்த ஊர்க் கோயிலில் இருப்பதாகக் கேள்விப்பட்டு ஆசையாகப் போகிறார். அங்கே இருந்த தேவஸ்தானத்து ஆள், பழுதுபட்ட ஏடுகளை நெய்யில் தோய்த்து ஹோமத்தில் போட்டுவிட்டார்கள், ஆகமத்தில் அப்படிச் சொல்லியிருக்கிறது என்கிறார். அதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்த ஆள்மேல் கோபம் வந்ததில்லை. அவர் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. குப்பை கூளமாகக் கிடந்ததை முறைப்படி அகற்றியதாகவே நினைத்தார். அந்த ஏடுகளில் என்ன இருந்தது என்று யாரும் பிரித்துப் பார்க்கவில்லை, ஒரு பட்டியல்கூட எடுக்கவில்லை. அவ்வளவுதான். அதனால் என்ன போயிற்று என்று இன்றைக்கும் யாருக்கும் தெரியாது.

ஐயா, அம்மா, உங்களைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. நீங்களும் முறையாக ஒரு தாள் ஒட்டித்தான் செய்கிறீர்கள். ஆனால் செயலாளரிடம் நான் கேட்டேன்: பெட்டியில் போட்டவற்றுக்குப் பட்டியல் உண்டா? இல்லை என்றார்.

சென்ற ஞாயிறு மாலை வரை உட்கார்ந்து நான்கு பெட்டிகளைப் பிரித்துப் பார்த்தேன். ஐந்தாவதைப் பிரிக்கும்போது அறையைப் பூட்டும் நேரமாகிவிட்டது. மேலாக இருந்த ஒன்றை மட்டும் எடுத்துப் பார்த்தேன். அது கடையில் விற்ற புத்தகமே இல்லை. தட்டச்சு செய்து, ஒளிநகல் எடுத்து, ஓரத்தில் கம்பி குத்தித் தைத்தது. அறுபது பக்கம் இருக்கும். நீல அட்டை, ஒரு மூலையில் கரையான் தின்றிருக்கிறது. நம் சங்கத்தின் பழைய உறுப்பினர் ஒருவர், துறைமுகத்தில் வேலை பார்த்தவர், 1950களில் தன்னோடு சேர்ந்து எழுதிய நண்பர்களைப் பற்றித் தன் பேரப்பிள்ளைகளுக்காக எழுதியது. வேலை முடிந்து எந்தக் கோப்பிக்கடையில் கூடினார்கள், ஒரே செய்தித்தாளை எப்படிக் கைமாற்றிப் படித்தார்கள், யாருடைய கவிதை அச்சில் வந்த அன்று யார் காசு கொடுத்தது என்றெல்லாம் இருக்கிறது. தமிழ் முரசு நாளிதழில் சுப.நாராயணன் நடத்திய ரசனை வகுப்புக்காக இதழை எதிர்பார்த்துக் காத்திருந்ததை இரண்டு பக்கம் எழுதியிருக்கிறார். கடைசிப் பக்கத்தில், மையில், 'சங்க நூலகத்துக்கு அன்புடன்' என்று கையெழுத்து.

இதற்கு இன்னொரு பிரதி எங்கே இருக்கிறது? நான் கேட்ட யாருக்கும் தெரியவில்லை.

தேசிய நூலகத்தில் எல்லாம் இருக்குமே என்று நீங்கள் சொல்லக்கூடும். நானும் விக்டோரியா ஸ்திரீட் நூலகத்துக்குப் போகிறவன்தான், அதன் அருமை தெரியும். இங்கே வெளியிடப்படும் நூலுக்குச் சட்டப்படி அங்கே பிரதி கொடுக்க வேண்டும். 2015இல், நாடு விடுதலையின் பொன்விழா கொண்டாடியபோது, சமூகமும் நூலக வாரியமும் சேர்ந்து ஐம்பதாண்டுச் சிங்கப்பூர்த் தமிழ் இலக்கியத்தைத் தேடிச் சேர்த்து மின்வடிவாக்கின. எத்தனை பேருடைய உழைப்பு அது! ஆனால் பேரப்பிள்ளைகளுக்காகக் கம்பி குத்தித் தைத்த நகல் எந்தச் சட்டத்தின்கீழ் அங்கே போயிருக்கும்? தமிழ்நாட்டில் சின்னப் பதிப்பகம் போட்டு, நம் உறுப்பினர் ஒருவர் பையில் கொண்டுவந்த கடிதத் தொகுப்பு எப்படி அங்கே போயிருக்கும்? மேல்மாடிப் பார்வை நூலகத்தில் இருப்பதை அங்கேயே உட்கார்ந்துதான் படிக்கலாம், விடுதிக்கு எடுத்துக்கொண்டு போக முடியாது. உ.வே.சா.வின் நூல் இணையத்திலும் கிடைக்கிறது, மறைக்கவில்லை. பெட்டிகளில் இருப்பவற்றில் இணையத்தில் உள்ளவை எவை, இல்லாதவை எவை என்று பார்த்துவிட்டா கீழே இறக்கினோம்?

நம் ஊரின் எழுத்து வரலாறு நமக்கு எப்படிக் கிடைத்தது என்று ஒருமுறை நினைத்துப் பாருங்கள். சிந்தாமணி அச்சான அதே 1887இல் இந்த ஊரில் சி.கு.மகுதூம் சாயபு 'சிங்கை நேசன்' வாரப் பத்திரிகையைத் தொடங்கினார். 1890 வரை நடந்தது. அதில் அவர் எழுதிய 'வினோத சம்பாஷணை'யை இந்த மண்ணின் முதல் தமிழ்ச் சிறுகதையாகப் பின்னாளில் எடுத்துக்காட்டியவர் நா.கோவிந்தசாமி. பழைய பத்திரிகைத் தாள்களை யாரோ வைத்திருந்ததால்தான் அவரால் அதைச் செய்ய முடிந்தது. ஆனால் மகுதூம் சாயபு எப்படிப்பட்டவர், அச்சுக்கூடத்தில் சாயங்காலம் அவரோடு யார் வந்து பேசிக்கொண்டிருந்தார்கள் என்று சொல்லும் ஒரு நினைவுக் குறிப்பு இதுவரை என் கைக்குக் கிட்டவில்லை. பத்திரிகை மிஞ்சியது, மனிதரைத் தேடிக்கொண்டிருக்கிறோம்.

நாவலாசிரியர் ப.சிங்காரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். நம் பக்கத்துக் கடலைத் தமிழில் அவரைப் போல் எழுதியவர் இல்லை என்பது என் எண்ணம். இந்தோனேசியாவின் மேடானில் வேலை பார்த்தவர், போர் முடிந்து 1946இல் ஊர் திரும்பியவர், நாற்பது வருடத்துக்கு மேல் மதுரை ஒய்.எம்.சி.ஏ. விடுதியில் தனியாக வாழ்ந்து 1997இல் மறைந்தார். நான் கப்பலேறி வந்த அதே வருடம். 'புயலிலே ஒரு தோணி'யைப் படித்துவிட்டு, இவர் யாரோடு பழகினார், எந்தத் தெருவில் நடந்தார் என்று தெரிந்துகொள்ளத் துடித்தேன். கிடைத்தது சில பேட்டிகளும் சில பக்க நினைவுகளும்தான். அவற்றைத் தாங்கிய சிற்றிதழ்களும் அந்த ஏழு பெட்டிகளில்தான் இருக்கின்றன.

இன்னொன்று. நம் ஊர் நாடகாசிரியரும் எழுத்தாளருமான பி.கிருஷ்ணன், வானொலியில் அடுக்கு வீட்டு அண்ணாசாமியைத் தந்தவர், புதுமைப்பித்தன்மேல் கொண்ட பற்றால் புதுமைதாசன் என்று பெயர் வைத்துக்கொண்டார். எங்கோ திருநெல்வேலியில் வளர்ந்து சென்னையில் எழுதிய ஒருவர், கடல் தாண்டி இங்கே ஒருவருக்குப் பெயராகிறார். எழுத்து அப்படித்தான் கைமாறுகிறது. நம் பிள்ளைகளுக்கு அடுக்கு வீட்டு அண்ணாசாமியைச் சொல்லிக்கொடுக்கிறோம். புதுமைதாசன் என்ற பெயர் எங்கிருந்து வந்தது என்று ஒரு பிள்ளை கேட்டால் எடுத்துக் காட்ட என்ன வைத்திருக்கப் போகிறோம்? என் மகள் உயர்நிலை மூன்றில் படிக்கிறாள். தமிழ்க் கருத்தறிதல் பயிற்சியில் அவளுக்குச் சலிப்பு. ஆனால் ஏடு தேடி வண்டிகட்டிப் போன தாத்தா கதையை நான் சாப்பாட்டு மேசையில் சொல்லும்போது, "கிடைச்சுதா இல்லையா, சொல்லுங்கப்பா" என்று சாப்பிடாமல் உட்கார்ந்திருக்கிறாள். துணைப்பாடத்துக்காக எடுக்கிறோம் என்கிறீர்கள். இதுவும் துணைப்பாடம்தான்.

இரவல் கணக்கைப் பற்றி ஒரு வார்த்தை. ஓராண்டாக யாரும் எடுக்கவில்லை என்பது நோட்டில் உள்ளபடி சரியாக இருக்கலாம். ஆனால் சந்தா கட்டிய உறுப்பினர்தான் வீட்டுக்கு எடுத்துப் போக முடியும். ஞாயிறு வருகிற ஊழியர்களில் பலர் உறுப்பினர் இல்லை. அவர்கள் எடுத்து, அங்கேயே தரையில் உட்கார்ந்து படித்து, பக்கத்தில் அடையாளத்துக்கு எம்ஆர்டி ரசீதையோ காய்ந்த வெற்றிலையையோ வைத்துவிட்டு, அடுத்த விடுமுறைக்கு வந்து தொடர்வார்கள். அது எந்த நோட்டிலும் ஏறாது. சி.சு.செல்லப்பாவைப் பற்றிய நூலை நான் பெட்டியிலிருந்து எடுத்தபோது உள்ளே மூன்று இடத்தில் மூன்று அடையாளங்கள் இருந்தன. 1959 முதல் 1970 வரை 'எழுத்து' பத்திரிகையை நடத்தி, புத்தக மூட்டையைத் தானே தூக்கிக்கொண்டு கல்லூரி கல்லூரியாகப் போய் விற்ற மனிதரின் கதையை மூன்று பேர் பாதியில் வைத்திருக்கிறார்கள். இந்த ஞாயிறு அவர்கள் வந்து அந்தச் சுவரைப் பார்ப்பார்கள்.

துணைப்பாட வகுப்புக்கு நான் எதிரி இல்லை. அது வேண்டும். வகுப்பு வாரநாள் மாலையில் நடக்கிறது, படிப்பவர்கள் வருவது ஞாயிறு. ஒரே அறை இரண்டுக்கும் போதும். அந்த அலமாரி சுவரோடு ஒட்டியது, ஓர் அடி ஆழம்கூட இல்லை. மேசை போட நடுவில் இடம் இருக்கிறது. நான் அளந்து பார்த்தேன்.

ஆகவே நான் கேட்பது இது. மாதக் கடைசியில் அகற்றும் முடிவை உடனே நிறுத்துங்கள். பழைய சாமான் வாங்கும் கராங்கூனிக்காரரிடம் சொல்லியிருந்தால் வர வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். ஏழு பெட்டியையும் மாடிக்கு ஏற்றி, ஒவ்வொரு புத்தகத்துக்கும் பெயர், ஆசிரியர், ஆண்டு, வேறு இடத்தில் கிடைக்கிறதா என்று ஒரு பட்டியல் எடுக்க வேண்டும். அந்த வேலையை நானும் நண்பர்கள் நால்வரும் சம்பளமில்லாமல் செய்கிறோம், ஆறு ஞாயிறு கொடுத்தால் போதும். எதையாவது கழித்தே ஆக வேண்டும் என்றால், பட்டியலை உறுப்பினர் கூட்டத்தில் வைத்துப் பேசிவிட்டுக் கழியுங்கள். உள்ளூர்க்காரர்கள் எழுதிய நினைவுக் குறிப்புகள், கையெழுத்துப் படிகள், விழா மலர்கள் எதையும் கழிக்கக் கூடாது. அந்த நீல அட்டை நகலைக் குடும்பத்தாரின் சம்மதத்தோடு தேசிய நூலகத்திடம் காட்டி, பாதுகாக்க வழி கேளுங்கள். உட்கார்ந்து படிப்பவர்களுக்காக வாசலில் ஒரு நோட்டு வையுங்கள். ஓராண்டு அதில் விழும் கணக்கைப் பார்த்துவிட்டு அப்புறம் முடிவெடுங்கள்.

கடைசியாக ஒன்று. நம் சங்கத்தில் எழுதி ஓய்ந்த பெரியவர்கள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். அவர்கள் யாரோடு பழகினார்கள், எப்படி எழுத வந்தார்கள் என்று உட்கார்ந்து கேட்டு ஒலிப்பதிவு செய்ய மாதம் ஒரு சாயங்காலம் ஒதுக்குங்கள். என் கைப்பேசியிலேயே பதிவு செய்துகொள்ளலாம்.

பதிலை எழுத்தில் தாருங்கள். வரும் ஞாயிறு காலை ஒன்பது மணிக்குப் பெட்டிகளை மேலே தூக்க நாங்கள் ஐந்து பேர் வருகிறோம். புத்தக அறைச் சாவியைக் காவலரிடம் கொடுத்து வையுங்கள்.

இப்படிக்கு,
27 ஆண்டுகளாக அந்த அறையில் படித்துவரும் ஓர் உறுப்பினர்